மிஸ்ஸியைப் பற்றி ஒரு வரி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பிதழில் 'யங் ஷெல்டன்' என்ற அமெரிக்கக் குடும்ப நகைச்சுவைத் தொடரைப் பற்றி முழுப் பக்கத்துக்கு ஒரு கட்டுரை வந்திருந்தது. மேதைக் குழந்தையைப் பெற்றவர்கள் அதை எப்படி வளர்க்க வேண்டும் என்பதற்கு இந்தத் தொடர் ஒரு பாடம் என்று கட்டுரையாளர் எழுதியிருந்தார். இரண்டு முறை படித்தேன். மூன்றாம் முறை பென்சிலும் கையுமாகப் படித்தேன். ஷெல்டன் என்ற பெயர் இருபத்தாறு இடங்களில் வருகிறது. அவனுடைய ஐ.க்யூ. 187 என்பது மூன்று இடங்களில் வருகிறது. அம்மா மேரி ஐந்து இடம், பாட்டி இரண்டு இடம். மிஸ்ஸி என்ற பெயர் ஓரிடத்திலும் இல்லை.

மிஸ்ஸி யார் என்று தொடரைப் பார்க்காதவர்கள் கேட்கலாம். ஷெல்டனோடு ஒரே வயிற்றில் இரட்டையாகப் பிறந்தவள். கட்டுரையோடு நீங்கள் போட்டிருந்த படத்திலும் இருக்கிறாள். அதன் கீழே 'மேதைச் சிறுவன் ஷெல்டன், குடும்பத்தினருடன்' என்று அச்சிட்டிருக்கிறீர்கள். நானும் என் காலத்தில் நிறைய படங்களில் 'குடும்பத்தினர்' ஆக நின்றவள். அதனால்தான் எழுதுகிறேன். ஆசிரியருக்குக் கடிதம் பகுதியில் இவ்வளவு நீளத்துக்கு இடம் இருக்காது என்பது தெரியும். வெட்டுவதானால் என் கதையை வெட்டுங்கள், மிஸ்ஸியின் கதையை வெட்டாதீர்கள்.

சென்ற ஆண்டு முழங்கால் அறுவைச் சிகிச்சை முடிந்து ஆறு வாரம் கட்டிலோடு கிடந்தேன். எட்டாம் வகுப்புப் படிக்கும் பேத்தி, "பாட்டி, இதில் உன்னைப் போலவே ஒரு பாட்டி வருகிறாள்" என்று சொல்லி இந்தத் தொடரைப் போட்டுவிட்டாள். மீமா என்ற அந்தப் பாட்டி சலவைக் கடைக்குப் பின்னால் திருட்டுத்தனமாகச் சூதாட்ட அறை நடத்துகிறவள். எந்த வகையில் என்னைப் போல என்று பேத்தி இன்றுவரை விளக்கவில்லை. முப்பத்தைந்து ஆண்டுக்கு மேல் தபால் நிலையத்தில் வேலை பார்த்த என் ஆங்கிலம் படிவம் நிரப்பத்தான் உதவும், டெக்சாஸ்காரர்கள் பேசுவதைப் பிடிக்க உதவாது. பேத்தி நிறுத்தி நிறுத்திச் சொன்னாள். பத்து எபிசோடுக்குப் பிறகு அவளுக்கு நான் சொல்ல ஆரம்பித்தேன்.

2017 செப்டம்பரில் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் தொடங்கி, 2024 மே மாதம் முடிந்த தொடர் இது. ஏழு சீசன், 141 எபிசோட். மொத்தம் பன்னிரண்டு சீசன் ஓடிய 'பிக் பேங் தியரி'யில் ஷெல்டன் கூப்பர் என்று ஓர் இயற்பியல் ஆசாமி வருவார். அவருடைய சிறுவயதுக் கதைதான் இது. டெக்சாஸின் கிழக்குப் பக்கம் மெட்ஃபோர்டு என்று கற்பனையாக ஓர் ஊர். ஆண்டு 1989. ஒன்பது வயது ஷெல்டன் தன் அண்ணன் ஜார்ஜி படிக்கும் உயர்நிலைப் பள்ளிக்குப் போய்ச் சேருகிறான். அப்பா ஜார்ஜ் அதே பள்ளியில் அமெரிக்கக் கால்பந்துப் பயிற்சியாளர். வளர்ந்துவிட்ட ஷெல்டன் பின்னணியில் கதை சொல்லிக்கொண்டு வருகிறார். அந்தக் குரல் ஜிம் பார்சன்ஸ், பழைய தொடரில் ஷெல்டனாக நடித்தவர். பழைய தொடரில் வந்ததுபோல இதில் பின்னணிச் சிரிப்பொலி கிடையாது. எங்கே சிரிப்பது என்பதை நாமே முடிவு செய்துகொள்ளலாம். சில இடங்களில் நான் சிரித்ததற்குப் பேத்தி என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். சில இடங்களில் அவள் சிரித்தபோது நான் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கட்டுரையாளர் முதல் எபிசோடைப் புகழ்கிறார், சரி. ஆனால் எதற்குப் புகழ்கிறார்? ஒன்பது வயதுப் பையன் கழுத்தில் வில்லாகக் கட்டிய டையோடு, கையில் பெட்டியோடு வகுப்புக்குள் நுழையும் துணிச்சலுக்காம். நான் பார்த்த முதல் எபிசோட் வேறு. அந்த வீட்டில் சாப்பிட உட்கார்ந்தால் எல்லோரும் கைகோத்துக்கொண்டு பிரார்த்தனை செய்வார்கள். கிருமிக்குப் பயந்த ஷெல்டன் கையுறை மாட்டிக்கொண்டுதான் கை நீட்டுவான். பெற்ற தகப்பனின் கைக்கும் கையுறைதான். அந்த மனிதர் முன்பு கால்வெஸ்டனில் பயிற்சியாளராக இருந்தவர். விதியை மீறி மற்றவர்கள் விளையாட்டு வீரர்களைச் சேர்த்ததை அவர் காட்டிக்கொடுத்ததால் வேலை போயிற்று. அதை அவர் மகனிடம் சொன்ன பிறகு, கடைசிக் காட்சியில் ஷெல்டன் கையுறை இல்லாமல் அப்பாவின் கையைப் பிடிக்கிறான். அவ்வளவுதான் எபிசோட். இதில் ஐ.க்யூ. எங்கே வந்தது?

என் தம்பி என்னைவிட இரண்டு வயது சிறியவன். நான் ஏழாம் வகுப்பில் இருந்தபோது அவனும் ஏழாம் வகுப்புக்கு வந்துவிட்டான். இரண்டு முறை டபுள் ப்ரமோஷன். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு அந்தச் சொல்லே தெரியாது. நன்றாகப் படிக்கிற பிள்ளையை ஒரு வகுப்பைத் தாண்டி அடுத்த வகுப்பில் தூக்கி உட்கார வைப்பார்கள். அவன் உட்காரவைக்கப்பட்டது என் வகுப்பில், பையன்கள் வரிசையில் முதல் பெஞ்சில், கால் தரையில் எட்டாமல். அண்ணன் படிக்கும் பள்ளியில் தம்பியைக் கொண்டுவந்து விட்டதும் ஜார்ஜியின் முகம் போன போக்கைப் பார்த்துப் பேத்தி சிரித்தாள். எனக்கு என் வகுப்புக் கரும்பலகை வரைக்கும் ஞாபகம் வந்தது. அன்றுவரை நான் கணக்கில் எண்பது வாங்கும் பெண். மறுநாளிலிருந்து 'அவனுடைய அக்கா, எண்பதுதான் வாங்குவாள்.' மதிப்பெண் அதேதான், 'தான்' மட்டும் ஒட்டிக்கொண்டது.

நாங்கள் கும்பகோணத்துக்காரர்கள். எங்கள் ஊரில் ஒரு பையனுக்குக் கொஞ்சம் வேகமாகக் கூட்டல் வந்துவிட்டால் போதும், ராமானுஜன் என்று பெயர் வைத்துவிடுவார்கள். அப்பா பாத்திரக் கடையில் கணக்கு எழுதியவர். கடைக்கு வரும் வியாபாரிகளை வீட்டுக்கு அழைத்து வருவார். அவர்கள் ஏதாவது ஒரு தேதியைச் சொல்ல வேண்டும், தம்பி கிழமையைச் சொல்வான். நான் காபி கொண்டு வருவேன். வெண்டைக்காய் சாப்பிட்டால் கணக்கு வரும் என்று அம்மா வாரம் மூன்று நாள் வெண்டைக்காய் பொரியல் செய்வாள். வல்லாரைக் கீரையும் உண்டு. அவன் தட்டில் வைத்தது போக மீதிதான் எனக்கு. எனக்குக் கணக்கு ஏன் வரவில்லை என்று பிற்பாடு கேட்டவர்களிடம் வெண்டைக்காய் பற்றாக்குறை என்று சொல்லியிருக்கிறேன்.

ராமானுஜன் என்றதும் இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். அவருக்கு இரண்டு தம்பிகள், லட்சுமி நரசிம்மன், திருநாராயணன். சாரங்கபாணி சன்னிதித் தெருவில் அந்த வீட்டைப் பார்க்க வருகிறவர்களில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர்கள் தெரியும்? நானே எங்கள் ஊர்க்காரியாக இருந்தும் நாற்பது வயதுக்கு மேல்தான் தெரிந்துகொண்டேன். அவர் கணக்கைத் தவிர மற்றப் பாடங்களைத் தொடாமல் இருந்து, இங்கே அரசுக் கல்லூரியில் உதவித்தொகையை இழந்து, 1905இல் சொல்லாமல் கொள்ளாமல் விசாகப்பட்டினத்துக்குப் போய்விட்டார் என்பது எல்லோருக்கும் தெரியும். அந்த நாட்களில் வீட்டில் அடுப்பு எரிந்ததா, ஏழு வயதுத் தம்பி 'அண்ணன் எங்கே' என்று கேட்டபோது என்ன சொன்னார்கள், இதை யார் எழுதியிருக்கிறார்கள்?

மிஸ்ஸிக்கு வருகிறேன். ரேகன் ரெவோர்டு என்ற சிறுமி நடித்திருக்கிறாள். அந்த வீட்டில் யார் மனதில் என்ன ஓடுகிறது என்பது அவளுக்குத்தான் தெரியும். அம்மா ஏன் கதவை அறைந்து சாத்தினாள், அப்பா ஏன் இரண்டாவது பீரைத் திறக்கிறார், அண்ணன் எந்தப் பொய்யைச் சொல்கிறான், எல்லாம் அவளுக்கு ஒரு பார்வையில் தெரியும். ஷெல்டனுக்குச் சமன்பாடுகள் தெரிவது போல. ஆனால் இதற்கு ஐ.க்யூ. எண் போடுவதில்லை, டபுள் ப்ரமோஷனும் கிடையாது. அவள் பையன்கள் குழுவில் சேர்ந்து பேஸ்பால் பந்து வீசுகிறாள், அப்பா பயிற்சி கொடுக்கிறார். அந்த எபிசோடுகளில் அவளும் அப்பாவும் வண்டியில் பேசிக்கொண்டு போவதைப் பார்த்தால், இவ்வளவு நாளும் இந்த இரண்டு பேரும் எங்கே இருந்தார்கள் என்று தோன்றும். அதே வீட்டில்தான் இருந்தார்கள்.

ஆறாவது சீசன் முடிவில் ஷெல்டன் கோடைப் படிப்புக்காக ஜெர்மனி போகிறான், துணைக்கு அம்மாவும் போகிறாள். அந்த நேரம் பார்த்துச் சூறாவளி வந்து மீமாவின் வீட்டைத் தூக்கிக்கொண்டு போய்விடுகிறது. வீட்டு மனிதர்கள் எல்லோரும் மேரியின் வீட்டில் குவிகிறார்கள், ஜார்ஜியின் கைக்குழந்தை உட்பட. யார் துவைப்பது, யார் சமைப்பது? பதின்மூன்று வயது மிஸ்ஸி. அங்கே ஹைடல்பர்க்கில் ஷெல்டன், கூட அம்மா. இங்கே மிஸ்ஸி, துணி மூட்டை. டெக்சாஸ் ஆனால் என்ன, எனக்கு அந்த வீட்டின் பின்கட்டு எங்கே இருக்கிறது என்று கண்ணைக் கட்டிவிட்டாலும் தெரியும். கட்டுரையாளர் இந்தப் பகுதியை 'ஷெல்டனின் ஐரோப்பிய அனுபவம்' என்று ஒரே சொற்றொடரில் முடித்திருக்கிறார்.

அடுத்தது கல்லூரி. 'பதினொரு வயதில் கல்லூரி, எத்தகைய சாதனை!' என்று ஆச்சரியக்குறி போட்டிருக்கிறீர்கள். தொடரை எடுத்தவர்கள் அந்தக் குறியைப் போடவில்லை. ஈஸ்ட் டெக்சாஸ் டெக் என்ற அந்தக் கல்லூரியில் அவனுக்கு நடப்பதெல்லாம் என்ன? தலைவர் அம்மாள் ஹேகமேயர், நன்கொடையாளர்கள் வரும்போது அவனைக் காட்சிக்கு நிறுத்துகிறாள் (கிழமை சொல்லச் சொல்லவில்லை, அது ஒன்றுதான் குறை). தத்துவ வகுப்புக்குப் போனவன், எதுவுமே உண்மை என்று நிரூபிக்க முடியாது என்ற எண்ணம் பற்றிக்கொண்டு படுக்கையை விட்டு எழ மறுக்கிறான். கல்லூரிக்கு முன்பே, பள்ளியில் இருந்தபோது, அவன் மிகவும் மதிக்கிற பேராசிரியர் டாக்டர் ஸ்டர்ஜிஸ், எவ்வளவு இனிமையான கிழவர், மனம் உடைந்து மருத்துவமனையில் இருக்க வேண்டிவருகிறது. அதே நாட்களில்தான், நோபல் பரிசு அறிவிப்பை வானொலியில் சேர்ந்து கேட்கலாம் என்று விடியற்காலையில் பள்ளி முழுவதையும் அழைக்கிறான். நாற்காலிகள் காலியாக இருக்கின்றன. ஒருவரும் வரவில்லை. இந்தத் தொடரில் சாதனையாகக் காட்டப்படுவது எதையும் விட அந்தக் காலி நாற்காலிகள்தான் அதிக நேரம் என்னோடு இருந்தன.

பெய்ஜையும் விட்டுவிட்டீர்கள். ஷெல்டனைப் போலவே மேதைச் சிறுமி, அவனைவிடக் கெட்டிக்காரி என்று கூடச் சொல்லலாம். அவளுடைய பெற்றோர் பிரிந்துவிடுகிறார்கள். அவளும் சின்ன வயதில் கல்லூரிக்குப் போகிறாள், படிப்பை விடுகிறாள், தடுமாறுகிறாள். அதே மூளைதான், ஆனால் அவளுக்குச் சாப்பாட்டு மேசையைச் சுற்றிக் கைகோக்க ஆள் இல்லை. மிஸ்ஸி வீட்டை விட்டு ஓடும்போது அப்பாவின் வண்டியை எடுத்துக்கொண்டு பெய்ஜோடுதான் ஓடுகிறாள். மேதையும் மேதையின் தங்கையும் ஒரே வண்டியில். இதற்கு மேல் தொடர் எடுத்தவர்கள் என்ன சொல்ல வேண்டும்?

தம்பியைப் புகுமுக வகுப்பில் சேர்த்தது 1976இல். வயது போதாது என்று விண்ணப்பம் எழுதி, அனுமதி வாங்கி, வெளியூர்க் கல்லூரியில் விடுதியில் விட்டோம். எனக்கும் எஸ்.எஸ்.எல்.சி. முடிந்திருந்தது, அவனோடுதான். இரண்டு பேருக்குக் கல்லூரிக் கட்டணம் கட்டும் வீடு இல்லை அது. நான் டைப்ரைட்டிங் லோயர் சேர்ந்தேன். அழுததாக ஞாபகம் இல்லை. அழ வேண்டிய விஷயம் என்று யாரும் சொல்லித்தரவில்லை.

ஒரு மாதம் கழித்து என் பெயருக்கு அவனிடமிருந்து ஒரு கார்டு வந்தது. அப்பா பெயருக்கு வாரம் ஒரு கார்டு வரும், அதில் மார்க் விவரம் இருக்கும். என் கார்டில் ஒரே வரி. 'எனக்கு ஒரு முழு பேண்ட் வேண்டும்.' பதினாறு பதினேழு வயது ஆண்பிள்ளைகள் பேண்ட்டும் வேட்டியுமாக உட்கார்ந்திருக்கிற வகுப்பில் இவன் அரைக்கால் சட்டையோடு போயிருக்கிறான். வளர்கிற பிள்ளைக்கு முழுக் கால்சட்டை தைத்தால் துணி வீண் என்று அம்மா அனுப்பியிருந்தாள். மாமாவின் பழைய பேண்ட்டைப் பிரித்துச் சிறிதாக்கித் தைத்து, அப்பாவோடு பஸ்ஸில் எடுத்துக்கொண்டு போனேன். காய்ச்சல் என்று சொல்லிப் போர்வைக்குள் கிடந்தான். தொட்டுப் பார்த்தேன், உடம்பு சுடவில்லை. அப்பா வார்டனைப் பார்க்கப் போன நேரத்தில் போர்வைக்குள்ளேயே பேண்ட்டை மாட்டிக்கொண்டான். பிறகு எழுந்தான். ஷெல்டன் தத்துவத்துக்குப் பயந்து படுத்திருந்ததைப் பார்த்தபோது, போர்வைக்கு வெளியே நீட்டியிருந்த அந்தக் கால்கள்தான் ஞாபகம் வந்தன. அவன் மேல் எனக்குக் கோபம் இருந்ததே இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அந்தப் பிற்பகலில் இருக்கவில்லை.

இப்போது கடைசி சீசன். இனிப் பார்க்கப் போகிறவர்கள் இந்தப் பகுதியைத் தவிர்த்துவிடுங்கள்.

பழைய தொடரில் வளர்ந்த ஷெல்டன் தன் அப்பாவைக் குடிகாரர் என்றும், அம்மாவுக்குத் துரோகம் செய்தவர் என்றும் சொல்லியிருக்கிறார். பதின்மூன்று வயதில் அப்பாவை வேறொரு பெண்ணோடு பார்த்தாராம். இந்தத் தொடரின் ஏழாவது சீசனில் அந்த வேறொரு பெண் யார் என்று காட்டுகிறார்கள். பொய் முடி வைத்து ஜெர்மன் உடை அணிந்த அவனுடைய அம்மாவேதான். (பேத்தியைத் தண்ணீர் கொண்டுவர அனுப்பினேன்.) மேதை பார்த்தான், பார்த்ததை வைத்துக் கணக்குப் போட்டான், விடை தப்பு. அந்தத் தப்பு விடையைப் பல ஆண்டு சுமந்திருக்கிறான்.

ஜார்ஜுக்கு ஹூஸ்டனில் ரைஸ் பல்கலைக்கழகத்தில் பயிற்சியாளர் வேலை கிடைக்கிறது. வாழ்நாளில் பெரிய வேலை. ஒரு நாள் காலை வழக்கம்போல வீட்டிலிருந்து கிளம்புகிறார். போய்வருகிறேன் என்கிறார். யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, தினம் போகிறவர்தானே. ஷெல்டன் நிமிர்ந்தும் பார்க்கவில்லை. அன்று குடும்பப் படம் எடுக்க எல்லோரும் நல்ல உடை உடுத்திக்கொண்டு அவருக்காகக் காத்திருக்கும்போது பள்ளியிலிருந்து இரண்டு பேர் வந்து வாசலில் நிற்கிறார்கள். மாரடைப்பு. அடுத்த எபிசோடில் ஷெல்டன் அந்தக் காலை நேரத்தைத் திரும்பத் திரும்ப மனதில் ஓட்டிப் பார்க்கிறான். ஒவ்வொரு முறையும் நிமிர்கிறான், ஒவ்வொரு முறையும் வேறு ஏதோ சொல்கிறான். மிஸ்ஸி கோபத்தில் எரிந்துகொண்டிருக்கிறாள். பதினேழு வயதில் தகப்பனாகி, பள்ளிப்படிப்பையும் விட்ட ஜார்ஜிதான் குடும்பத்தைத் தாங்கிப் பிடிக்கிறான். கடவுள் நம்பிக்கையே இல்லாத ஷெல்டன், அம்மாவின் மனம் ஆறட்டும் என்று ஞானஸ்நானம் பெற்றுக்கொள்கிறான். ஏழு சீசனில் அவன் படித்த படிப்பில் இதுதான் பெரியது என்பது என் கட்சி. கட்டுரையாளர் இதை 'தொய்வான முடிவு' என்கிறார்.

தொய்வா இல்லையா என்பதை விடுங்கள். நிமிர்ந்து பார்க்காமல் இருப்பது மேதைகளுக்கு மட்டும் உள்ள குறை என்று அவர் எழுதியிருப்பதற்குத்தான் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது.

1984இல் நான் மாயவரத்தில் ஒரு துணைத் தபால் நிலையத்தில் எழுத்தராக இருந்தேன். திருமணமாகி ஓர் ஆண்டு. அதற்கு முன் நாலு ஆண்டுச் சம்பளம் முழுவதும் வீட்டுக்குத்தான் போயிற்று, அதில் பெரும்பகுதி தம்பியின் எம்.எஸ்ஸி.க்கு. அஞ்சல்வழியில் பி.ஏ. படிக்க ஆசைப்பட்டேன். (அஞ்சல் நிலையத்தில் இருந்துகொண்டு அஞ்சல்வழியில் படிக்காவிட்டால் எப்படி?) அடுத்த வருடம் பார்க்கலாம் என்று நாலு முறை சொன்னார் அப்பா. அந்தத் தீபாவளிக்குத் தலைதீபாவளி என்று போனபோது, நாக்பூரில் ஆராய்ச்சி மாணவனாக இருந்த தம்பிக்கு அப்பா இன்னமும் பணம் அனுப்பிக்கொண்டிருப்பது தெரிந்தது. உதவித்தொகை தாமதமாக வருகிறதாம். "இன்னும் எத்தனை நாள் அவனுக்கே?" என்று ஒரு கேள்விதான் கேட்டேன். பிறகு பேசவில்லை. பொங்கல் வந்தது, சீர் வந்தது, நான் பேசவில்லை.

பிப்ரவரியில் ஒரு திங்கட்கிழமை. மணியார்டர் கவுன்டரில் கூட்டம். ஒரு படிவம் நீண்டு வந்தது, கையெழுத்தைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது. பாத்திரக் கடைக் கணக்கெழுத்து, சாய்வே இல்லாமல் நிமிர்ந்து நிற்கும். நூற்றைம்பது ரூபாய், நாக்பூர் முகவரி. எங்கள் தெருமுனையிலேயே ஒரு தபால் நிலையம் இருக்கிறது. ஒரு மணி நேரம் பஸ்ஸில் வந்து என் கவுன்டரில் நின்றிருக்கிறார், அவனுக்குப் பணம் அனுப்ப. எனக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. பணத்தை எண்ணினேன். பதிந்தேன். ரசீதில் முத்திரை வைத்துத் தள்ளினேன். "அடுத்து" என்றேன். நிமிரவில்லை. ஜன்னலுக்கு வெளியே கை கொஞ்ச நேரம் கம்பியைப் பிடித்தபடி இருந்தது, பிறகு இல்லை.

எட்டு நாள் கழித்துக் கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தவர் அப்படியே சாய்ந்துவிட்டார். தம்பிக்குத் தந்தி கொடுத்தார்கள். இரண்டு நாள் ரயிலில் அவன் வந்து சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. பெரியப்பா மகன்தான் கொள்ளி வைத்தான். முந்தின வாரம் கைக்கு வந்த அந்த நூற்றைம்பதில்தான் டிக்கெட் எடுத்ததாகத் தம்பி சொன்னான். அதைக் கேட்டு நான் எழுந்து கொல்லைப்பக்கம் போய்விட்டேன். ஏன் என்று அவன் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. பி.ஏ.வை 1991இல் முடித்தேன், கணக்கு அல்ல, வரலாறு.

தம்பி பெரிய விஞ்ஞானி ஆகவில்லை. ஓர் ஆய்வு நிறுவனத்தில் ஒழுங்காக வேலை பார்த்து, நாக்பூரிலேயே ஓய்வு பெற்று, மாடியில் ரோஜா வளர்க்கிறான். ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை பேசுவான். உங்கள் கட்டுரை வந்த அன்று மாலை, இந்தத் தொடரைப் பார்த்திருக்கிறாயா என்று கேட்டேன். எல்லாம் பார்த்தேன் அக்கா, கடைசி இரண்டு எபிசோட் மட்டும் பாக்கி வைத்திருக்கிறேன் என்றான். ஏன் என்றேன். பதில் சொல்லாமல், மிஸ்ஸி அந்த ஜெர்மனி விவகாரத்துக்குப் பிறகு ஷெல்டனை மன்னித்தாளா என்று கேட்டான். அதற்கு நான் பதில் சொல்லவில்லை. பிறகு, நாற்பது ஆண்டுக்குப் பிறகு, மாயவரம் கவுன்டரில் நடந்ததை அவனிடம் சொன்னேன்.

கொஞ்ச நேரம் சத்தமில்லை. "அந்தக் கூப்பனை நீ படிக்கவில்லையா?" என்றான்.

அந்தக் காலத்து மணியார்டர் படிவத்தின் ஓரத்தில் பணம் பெறுகிறவருக்குச் செய்தி எழுத ஒரு துண்டு இருக்கும். பணத்தைக் கொடுக்கும்போது தபால்காரர் அதைக் கிழித்துக் கொடுப்பார். கவுன்டரில் இருக்கிறவர்கள் அதைப் படிப்பது வழக்கமில்லை. தொகையும் முகவரியும் சரியா என்றுதான் பார்ப்போம். மற்ற நாட்களிலாவது கண் ஓடியிருக்கும். அன்று ஓடவிடவில்லை.

இரவு ஒன்பது மணிக்கு வாட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பினான். மஞ்சளாகிப்போன துண்டு, நடுவில் மடிப்பு. ஒரு மூலையில் என் கையால் வைத்த முத்திரை பாதி பதிந்திருக்கிறது. பென்சிலால் எழுதியது, வரிசையில் நின்றுகொண்டு எழுதியிருக்க வேண்டும், அந்த நிமிர்ந்த எழுத்து இதில் மட்டும் சாய்ந்திருக்கிறது. 'பணம் பெற்றதும் கார்டு போடு. இன்று அக்காள் கவுன்டரில் கட்டுகிறேன். கொஞ்ச நேரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். கை நல்ல வேகம். யாரையும் காக்க வைப்பதில்லை.'

இதை வெளியிடுவதானால் என் பெயரைப் போட வேண்டாம். தம்பி உங்கள் நாளிதழை இணையத்தில் தினமும் படிக்கிறான். அடுத்த முறை அந்தப் படத்தை அச்சிடும்போது கீழே மிஸ்ஸியின் பெயரைச் சேர்த்துவிடுங்கள்.

தங்கள் உண்மையுள்ள,
ஓய்வுபெற்ற தபால் எழுத்தர்,
கும்பகோணம்